பிலிப்பைன் தீவுகளில் கூடைப்பந்து

ஒரு நாட்டு மக்களின் இயல்பை அறிய விரும்புவோர் அந்நாட்டின் வரலாற்றைப் படிப்பர், இலக்கியத்தைப் பயில்வர், கோவில்களையும் கோட்டைகளையும் சென்று காண்பர். இவையேயன்றி, மாலை நேரத்தில் அம்மக்கள் என்ன விளையாடுகின்றனர் என்று காண்பதும் அவர்களை அறிவதற்கு ஒரு வழியாகும். உழைக்கும்போது மனிதன் பெரும்பாலும் பிறர் ஏவியதைச் செய்கிறான். விளையாடும்போதோ தன் உள்ளம் விரும்பியதைச் செய்கிறான். ஆதலின் அவனுடைய இயல்பு விளையாட்டில் ஒளிவு மறைவின்றி வெளிப்படுகின்றது.

மக்களின் அன்றாட வாழ்வை உள்ளது உள்ளவாறே காட்டுவதற்கு இக்காலத்தில் அமைந்த நல்ல கருவி ஆவணப்படம். கதைப்படத்தில் நடிகர் வேடம் புனைந்து நடிப்பர். ஆவணப்படத்திலோ உழவரும் மீனவரும் பள்ளிச் சிறுவரும் தத்தம் இடத்தில், தத்தம் தொழிலில், தத்தம் மொழியில் தோன்றுவர். பிலிப்பைன் நாட்டைப் பற்றி உள்நாட்டாரும் அயல்நாட்டாரும் எடுத்த ஆவணப்படங்களுள் கூடைப்பந்தைப் பொருளாகக் கொண்டவை பல. ஒரு விளையாட்டு ஒரு நாட்டின் வாழ்வோடு எவ்வளவு இரண்டறக் கலந்துவிடக்கூடும் என்பதை அவற்றைக் காண்போர் உணர்வர்.

படம் காட்டும் காட்சிகள்

இத்தகைய படங்களில் முதற்கண் கருத்தைக் கவர்வது கூடைப்பந்து வளையமே. அது விளையாட்டரங்கில் மட்டும் காணப்படுவதன்று. கடற்கரைச் சிற்றூரில் தென்னை மரத்தின் அடியிலே பலகை அறைந்து, கட்டடக் கம்பியை வளைத்து வளையமாக்கிப் பொருத்தியிருப்பர். மலைநாட்டில் நெல் வயல்களுக்கிடையே கிடைத்த சிறு மேட்டில் ஒரு வளையம் நிற்கும். தலைநகராகிய மணிலாவில், இரு கைகளையும் நீட்டினால் இரு பக்கத்து வீடுகளையும் தொடக்கூடிய சந்துகளிலும் வளையங்கள் தொங்கும். வண்டி வரும்போது ஆட்டம் நிற்கும். வண்டி சென்றதும் விட்ட இடத்திலிருந்து தொடரும்.

ஆடுவோரின் காலடிகளையும் படங்கள் காட்டுகின்றன. சிலர் காலணி அணிந்திருப்பர். பலர் ரப்பர்ச் செருப்புடன் ஆடுவர். சிலர் வெறுங்காலுடன் ஓடுவர். செருப்பு நழுவினால் அதனைக் காலால் எற்றி ஒதுக்கிவிட்டுப் பந்தின்மேலேயே கண்ணாக இருப்பர். களத்தைச் சுற்றிலும் தாய்மார் குழந்தைகளை இடுப்பில் தாங்கி நிற்பர்; முதியோர் நாற்காலியிட்டு அமர்ந்து ஒவ்வொரு பிழையையும் எடுத்துரைப்பர். அங்கே ஆடுவோருக்கும் காண்போருக்கும் இடையே வேலி இல்லை.

படக்கருவி இவ்வளவையும் தெளிவாகக் காட்டிவிடுகின்றது. ஆயினும் கண்முன் உள்ளதையே அது காட்டவல்லது. அந்தத் தென்னை மரத்தில் அந்த வளையம் ஏன் வந்தது என்னும் வினாவிற்கு விடை வேண்டுமாயின் நூறாண்டுக்கு மேற்பட்ட வரலாற்றைத் திரும்பிப் பார்த்தல் வேண்டும்.

விளையாட்டு வந்த வழி

பிலிப்பைன் நாடு ஏழாயிரத்திற்கும் மேற்பட்ட தீவுகளைக் கொண்டது. 1565-ஆம் ஆண்டு முதல் முந்நூறு ஆண்டுகளுக்கு மேல் அது ஸ்பானியர் ஆட்சியில் இருந்தது. 1898-இல் ஸ்பெயின் போரில் தோற்று, இரண்டு கோடி டாலர் பெற்றுக்கொண்டு அத்தீவுகளை அமெரிக்காவிடம் ஒப்படைத்தது. விடுதலையை எதிர்நோக்கியிருந்த மக்கள் புதிய ஆட்சியாளரை எதிர்த்துப் போரிட்டனர். பல உயிர்களைப் பலிகொண்ட அப்போருக்குப் பின் அமெரிக்க ஆட்சி நிலைபெற்றது. ஊர்தோறும் பள்ளிகள் தோன்றின. ஆங்கிலப் பாடத்தோடு அமெரிக்க விளையாட்டுகளும் அப்பள்ளிகளுக்குள் நுழைந்தன.

கூடைப்பந்து அப்போது இளமை மாறாத விளையாட்டு. 1891-ஆம் ஆண்டு டிசம்பர்த் திங்களில், அமெரிக்காவின் ஸ்பிரிங்ஃபீல்டு நகரில், கிறித்தவ இளைஞர் சங்கப் பயிற்சிப் பள்ளியின் ஆசிரியரான ஜேம்ஸ் நெய்ஸ்மித் என்பார் அதனை வகுத்தார். பனிக்காலத்தில் வெளியே செல்ல இயலாத மாணவர்களுக்காக, பழக்கூடைகள் இரண்டை மாடத்தில் அறைந்து, அவற்றில் பந்தை எறியச் செய்தார். அச்சங்கத்தின் வழியாகவே அவ்விளையாட்டு கடல் கடந்தது. 1910-இல் மணிலாவிற்கு வந்த எல்வுட் பிரவுன் என்னும் உடற்பயிற்சி இயக்குநர் விளையாட்டுகளை நாடெங்கும் பரப்ப முயன்றார். 1913-இல் மணிலாவில் முதன்முதலாகத் தூரகிழக்கு விளையாட்டுப் போட்டி நடைபெற்றது. 1934 வரை பத்து முறை நடந்த அப்போட்டிகளில், 1921-ஆம் ஆண்டு நீங்கலாக, ஒவ்வொரு முறையும் கூடைப்பந்தில் பிலிப்பைன் அணியே முதலிடம் பெற்றது.

அமெரிக்கர் கொணர்ந்த விளையாட்டு கூடைப்பந்து ஒன்றே அன்று. அடிப்பந்தாட்டமாகிய பேஸ்பாலையும் அவர்கள் கற்பித்தனர். கால்பந்தாட்டமும் அந்நாட்டில் அறியப்பட்டதே. எனினும் கூடைப்பந்தே மக்கள் நெஞ்சில் நிலைத்தது. அதற்கு நிலமும் ஒரு காரணம் எனலாம். மலையும் வயலும் கடலும் நெருங்கிய தீவுகளில் பரந்த வெளி அரிது. பெரிய கால்பந்துக் களம் ஒன்று அடைக்கும் இடத்தில் ஏறத்தாழப் பதினேழு கூடைப்பந்துக் களங்களை அமைக்கலாம். அவ்வளவு இடமும் இல்லையேல் ஒரே வளையத்தை வைத்துக்கொண்டு அரைக்களத்தில் ஆடலாம். மட்டையும் கையுறையும் வேண்டா. பந்து ஒன்று இருந்தால் போதும். பத்துப் பேர் கூடினாலும் ஆடலாம். ஒருவனே இருந்தாலும் எறிந்து பழகலாம். செல்வம் குறைந்த மக்களுக்கு இதனினும் ஏற்ற விளையாட்டு வேறு யாது?

உலக அரங்கில் புகழ்

1936-ஆம் ஆண்டு பெர்லின் ஒலிம்பிக்கில் கூடைப்பந்து முதன்முறையாக முழுப் போட்டியாக இடம்பெற்றது. அப்போது பிலிப்பைன் தீவுகள் இன்னும் விடுதலை பெறவில்லை. ஆயினும் அந்நாட்டு அணி ஐந்தாம் இடத்தைப் பெற்றது. அமெரிக்க அணி ஒன்றிடமே அது தோற்றது. பின்னர் மூன்றாம் இடம் பெற்ற மெக்சிகோவையும் அது முதற்சுற்றில் வென்றிருந்தது. ஒலிம்பிக் கூடைப்பந்தில் ஆசிய ஆடவர் அணி எதுவும் அதனினும் உயர்ந்த இடத்தை இன்றுவரை எய்தவில்லை.

1946-ஆம் ஆண்டு ஜூலை 4-ஆம் நாள் நாடு விடுதலை பெற்றது. எட்டு ஆண்டுகள் கழித்து, 1954-இல் பிரேசில் நாட்டின் ரியோ டி ஜெனீரோ நகரில் நடந்த உலகப் போட்டியில் அதன் அணி மூன்றாம் இடம் பெற்றது. அவ்வெற்றிக்குத் தூணாக நின்றவர் கார்லோஸ் லோய்சாகா. அப்போட்டியின் தலைசிறந்த ஐவருள் ஒருவராக அவர் தேர்ந்தெடுக்கப்பட்டார். 2016-இல் மறைந்த அவரை அந்நாட்டு மக்கள் இன்றும் போற்றுகின்றனர். ஆசிய விளையாட்டுப் போட்டிகளிலும் 1951, 1954, 1958, 1962 ஆகிய நான்கு முறையும் தொடர்ந்து அவ்வணியே தங்கம் வென்றது.

1975-இல் பிலிப்பைன் கூடைப்பந்துச் சங்கம் தோன்றியது. ஆசியாவில் ஊதியம் பெற்று ஆடும் தொழில்முறைக் கூடைப்பந்துக்கு அதுவே முதல் அமைப்பு. அதன் அணிகள் நகரங்களின் பெயரைத் தாங்குவதில்லை. வணிக நிறுவனங்களின் பெயரையே தாங்குகின்றன. கிரிஸ்பா என்னும் ஆடை நிறுவனத்தின் அணியும் டொயோட்டா அணியும் மோதிய நாட்களில் நாடே இரு கட்சியாகப் பிரிந்து நின்றது. டொயோட்டா அணியில் புகழ்பெற்ற ராபர்ட் ஜவோர்ஸ்கி 1998-இல் நாட்டின் செனட் சபை உறுப்பினராகத் தேர்ந்தெடுக்கப்பட்டார் என்றால், பந்தாட்டக்காரருக்கு மக்களிடையே இருந்த செல்வாக்கை வேறு சான்று கொண்டு விளக்க வேண்டுவதில்லை.

குறுகிய உருவமும் உயர்ந்த வளையமும்

கூடைப்பந்து நெடியோருக்கு ஏற்ற விளையாட்டு. வளையம் தரையிலிருந்து பத்து அடி உயரத்தில் உள்ளது. பிலிப்பைன் ஆடவரின் சராசரி உயரமோ ஏறக்குறைய 163 சென்டிமீட்டரே. இயற்கை தமக்கு அளிக்காத உயரத்தை வேண்டி நிற்கும் விளையாட்டை ஒரு மக்களினம் இவ்வளவு விரும்புவானேன் என்று, ஆவணப்படம் எடுப்போர் அனைவரும் வியப்புடன் வினவுவர்.

அவ்வினாவிற்கு ஆட்டமே விடை கூறுகின்றது. உயரம் குறைந்தவர் விரைவை வளர்த்துக்கொண்டனர். பந்தைத் தாழ்வாகத் தட்டிச் சென்று நெடியோரின் கைகளுக்கிடையே புகுந்து வெளிவரக் கற்றனர். வளையத்தை நோக்கித் தாவியபின் வானிலேயே உடலைத் திருப்பி, பந்தை ஒரு கையிலிருந்து மறு கைக்கு மாற்றி, தடுப்பவன் எதிர்பாராத பக்கத்திலிருந்து எறிவதை அவர்கள் ஒரு கலையாகவே பயின்றுள்ளனர். அத்தகைய எறி தவறினாலும் காண்போர் ஆரவாரம் செய்வர். புள்ளி கிடைத்ததா என்பதோடு எவ்வழியில் கிடைத்தது என்பதையும் அவர்கள் எண்ணிப் பார்க்கின்றனர். அயலார் தந்த விளையாட்டுக்கு இவ்வாறு தம் மண்ணின் நடையை அவர்கள் அளித்தனர். நாட்டு அணி களமிறங்கும்போது அவர்கள் எழுப்பும் முழக்கம் ‘பூசோ’ என்பது. அதற்கு இதயம் என்று பொருள்.

ஊரின் நடுவே ஒரு களம்

பிலிப்பைன் நாட்டின் மிகச் சிறிய ஆட்சிப் பிரிவிற்குப் பராங்கே என்று பெயர். பண்டைநாளில் தீவுகளுக்கு மக்களைச் சுமந்து சென்ற படகின் பெயரிலிருந்து வந்த சொல் அது. இன்று நாற்பத்திரண்டாயிரத்திற்கு மேற்பட்ட பராங்கேக்கள் உள்ளன. கூடைப்பந்துக் களம் இல்லாத பராங்கேயைக் காண்பது அரிது. பல ஊர்களில் கோவிலுக்கும் ஊர் மன்றத்திற்கும் அருகிலேயே அக்களம் அமைந்திருக்கும்.

அது விளையாட்டுக்கு மட்டும் பயன்படுவதன்று என்பதை ஆவணப்படங்கள் நன்கு விளக்குகின்றன. காலையில் அதன் சிமென்டுத் தளத்தில் நெல்லைப் பரப்பி உலர்த்துவர். ஞாயிற்றுக்கிழமை அங்கே வழிபாடு நடைபெறும். திருவிழா நாளில் நடனமும், வேறு நாட்களில் மருத்துவ முகாமும், திருமண விருந்தும் நிகழும். ஊரில் ஒருவர் இறந்தால், கூரையிட்ட களத்தில் உடலை வைத்து இரவெல்லாம் உறவினர் விழித்திருப்பர். புயல் வரும்போது வீடிழந்தோர் அங்கே தங்குவர். மாலை வந்ததும் நெல் அள்ளப்படும், நாற்காலிகள் ஒதுக்கப்படும், பந்து மீண்டும் துள்ளத் தொடங்கும். கோடைவிடுமுறையிலும் ஊர்த் திருவிழாவிலும் லீகா எனப்படும் தொடர் போட்டிகள் நடைபெறும். சட்டையில் பெயரும் எண்ணும் பொறித்து, ஏழைத் தொழிலாளியும் அன்று ஒரு வீரனாக ஊரார் முன் நிற்பான். வயிற்றுப்பிழைப்பிற்காக அயல்நாடு சென்ற பிலிப்பைன் மக்கள், ஆங்காங்கும் தம்முள் அணி வகுத்து, ஓய்வு நாட்களில் ஆடுகின்றனர்.

2013-ஆம் ஆண்டு நவம்பர் 8-ஆம் நாள் ஹையான் என்னும் பெரும்புயல் அந்நாட்டைத் தாக்கியது. ஆறாயிரத்திற்கு மேற்பட்டோர் உயிரிழந்தனர். கடல் பொங்கி எழுந்து தக்லோபன் நகரைச் சூறையாடியது. உணவும் நீரும் தேடி மக்கள் அலைந்த அந்நாட்களில், ஒரு குடியிருப்பைச் சேர்ந்தோர் இடிபாடுகளுக்கிடையே ஒரு வளையத்தைக் கண்டெடுத்தனர். உடைந்த வீடுகளின் மரத்துண்டுகளையும் துருப்பிடித்த ஆணிகளையும் கொண்டு அதனைத் தூக்கி நிறுத்தினர். குப்பை அகற்றப்பட்ட சாலைத் துண்டு ஒன்றில் கூடைப்பந்து ஆடினர். அயல்நாட்டுச் செய்தியாளர் அதனைக் கண்டு உலகிற்கு அறிவித்தனர். உற்றாரை இழந்தவர் விளையாடுவதா என்று சிலர்க்கு ஐயம் எழலாம். துயரத்தை மறந்ததால் அவர்கள் ஆடவில்லை. புயலுக்கு முன் இருந்த வாழ்வில் எஞ்சிய ஒன்றையேனும் கையால் பற்றிக்கொள்ள விரும்பியே ஆடினர் என்று கொள்ளுதல் பொருந்தும்.

குறைகளும் வினாக்களும்

நல்ல ஆவணப்படம் புகழ்ச்சியோடு நில்லாது. களங்களில் பலவற்றின் பலகைகளில் அரசியல்வாதிகளின் பெயர்கள் பெரிய எழுத்தில் பொறிக்கப்பட்டிருப்பதை அது காட்டும். தேர்தலுக்கு முன் களமும் பந்தும் சட்டையும் வழங்குவது அங்கே வாக்குத் திரட்டும் வழிகளுள் ஒன்று. பொதுமக்கள் வரிப்பணத்தால் அமைந்த களத்திற்குத் தனியொருவர் தம் பெயரைச் சூட்டிக்கொள்வது முறையா என்று அந்நாட்டு அறிஞர் கேட்கின்றனர். மருந்தகமும் நூலகமும் வேண்டிய ஊரில் மற்றுமொரு களம் எதற்கு என்றும் வினவுகின்றனர்.

மற்றொரு குறையும் உண்டு. தொடக்க காலத்தில் பள்ளிச் சிறுமியர்க்கு உரிய விளையாட்டாகவே கூடைப்பந்து அங்கே கற்பிக்கப்பட்டது. பின்னர் அது ஆடவர் கைக்கு மாறியது. படங்களிலும் பெண்கள் பெரும்பாலும் களத்தின் ஓரத்திலேயே காணப்படுகின்றனர். எனினும் 2019-இல் தம் நாட்டிலேயே நடைபெற்ற தென்கிழக்காசிய விளையாட்டுப் போட்டியில் பெண்கள் அணி முதன்முறையாகத் தங்கம் வென்றது. ஒரு காலத்தில் தமக்கு உரியதாயிருந்த களத்திற்கு அவர்கள் மீண்டும் வருகின்றனர்.

வேறு சிலர், உடலமைப்பிற்கு ஏற்ற விளையாட்டுகளில் நாட்டின் பொருளைச் செலவிட வேண்டும் என்பர். அவர் கூற்றிற்கும் சான்று உண்டு. 1972-க்குப் பின் பிலிப்பைன் ஆடவர் கூடைப்பந்து அணி ஒலிம்பிக்கில் ஆடியதில்லை. அந்நாட்டின் முதல் ஒலிம்பிக் தங்கத்தை 2021-இல் பளுதூக்கும் வீராங்கனை ஹிடிலின் டயஸ் பெற்றுத் தந்தார். 2024-இல் பாரிசில் கார்லோஸ் யூலோ உடற்பயிற்சிக் கலையில் இரு தங்கங்கள் வென்றார். இவர்களைப் போன்றோர்க்குப் போதிய உதவி கிடைக்க வேண்டும் என்பதில் ஐயமில்லை.

தோல்வியும் வெற்றியும்

2023-ஆம் ஆண்டில் உலகக் கூடைப்பந்துப் போட்டியைப் பிலிப்பைன் நாடு ஜப்பானோடும் இந்தோனேசியாவோடும் சேர்ந்து நடத்தியது. ஆகஸ்டு 25-ஆம் நாள் தொடக்க ஆட்டத்தைக் காண 38,115 பேர் திரண்டனர். உலகப் போட்டி வரலாற்றில் ஓர் ஆட்டத்திற்கு அவ்வளவு கூட்டம் அதுவரை கூடியதில்லை. அன்று டொமினிக்கன் குடியரசிடம் பிலிப்பைன் அணி 81-க்கு 87 என்று தோற்றது. அப்போட்டியில் அது வென்ற ஆட்டமும் ஒன்றே.

அடுத்த சில வாரங்களில் சீன நாட்டின் ஹாங்சோ நகரில் ஆசிய விளையாட்டுப் போட்டி நடைபெற்றது. அரையிறுதியில் சீன அணியை எதிர்த்து ஆடியபோது பிலிப்பைன் அணி ஒரு கட்டத்தில் இருபது புள்ளிகள் பின்தங்கியிருந்தது. இறுதியில் 77-க்கு 76 என ஒரே புள்ளியில் வென்றது. அந்த வெற்றிக்கு வழிவகுத்த எறிகளை எறிந்தவர் ஜஸ்டின் பிரவுன்லி. அமெரிக்காவில் பிறந்து, பல ஆண்டுகள் பிலிப்பைன் நாட்டில் ஆடி, அவ்வாண்டில்தான் சட்டத்தின் மூலம் அந்நாட்டுக் குடியுரிமை பெற்றவர் அவர். இறுதி ஆட்டத்தில் ஜோர்டான் நாட்டை 70-க்கு 60 என வென்று, அறுபத்தோராண்டுகளுக்குப் பின் அந்நாடு மீண்டும் தங்கம் பெற்றது.

இவ்விரு நிகழ்ச்சிகளையும் ஒருங்கே நோக்குதல் வேண்டும். 1962-க்கும் 2023-க்கும் இடையே அந்நாட்டில் இரண்டு தலைமுறை மக்கள் வளர்ந்தனர். ஆசியத் தங்கத்தை அவர்கள் கண்டதில்லை. ஆயினும் ஊர்க்களங்களில் பந்து ஒரு மாலையும் ஓயவில்லை. வெற்றியே அன்பிற்குக் காரணமாயின், அவ்விளையாட்டு என்றோ அங்கே மறைந்திருக்கும்.

முடிவுரை

ஆட்சி செய்தோர் கொணர்ந்த விளையாட்டு, ஆட்சி நீங்கியபின்னும் நின்றது. அதனை ஏற்ற மக்கள் அதற்குத் தம் ஊரின் நடுவிலே இடம் அளித்தனர். தம் உடலுக்கு ஏற்ப அதன் நடையை மாற்றினர். தம் திருவிழாவிலும் துயரத்திலும் அதனைத் துணையாகக் கொண்டனர். பிறந்த இடம் எதுவாயினும், நாள்தோறும் கையாண்டு பேணுவோர்க்கே ஒரு பொருள் உரியதாகின்றது. இவ்வுண்மையை நூல்கள் பல பக்கங்களில் விளக்கலாம். ஆவணப்படமோ நெல் உலர்ந்த தளத்தில் மாலையில் கூடும் சிறுவர்களைக் காட்டி எளிதில் விளக்கிவிடுகின்றது. அப்படங்களைக் காண்போர், நழுவும் செருப்பைக் கண்டு நகைப்பதோடும் இரங்குவதோடும் நின்றுவிடாமல், அச்சிறுவர்களின் கண்கள் எங்கே பதிந்துள்ளன என்பதையும் நோக்குவாராக.